பரோட்டா நிகழ்ச்சியில் வந்த காமராசர்



போன ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டு டி.வி.யில் ஊர் ஊராகப் போய்ச் சாப்பிடும் நிகழ்ச்சி ஓடியது. அன்றைக்கு நம்ம விருதுநகர். எண்ணெய்ப் பரோட்டா பொரிவதைக் காட்டிக்கொண்டு இருந்தார்கள். எனக்கு நாக்கில் எச்சில் ஊறியது. நடுவில் ஒரு பழைய கருப்பு வெள்ளைப் படம் வந்தது. பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். பக்கத்தில் கதர்ச் சட்டையோடு காமராசர். பத்து நொடிதான். மறுபடியும் பரோட்டா வந்துவிட்டது. ஆனால் என் அம்மாச்சி கண்ணைத் துடைத்துக்கொண்டாங்க. ஏன் என்று கேட்டேன். அவங்க சொன்னதையும் நான் படித்ததையும் சேர்த்து எழுதுகிறேன்.

காமராசர் 15.7.1903 அன்று விருதுநகரில் பிறந்தார். அப்பா குமாரசாமி, அம்மா சிவகாமி அம்மாள், தங்கை நாகம்மாள். சின்ன வயதிலேயே அப்பா இறந்துவிட்டார். அவர் படித்த சத்திரிய வித்தியாசாலை, வீட்டுக்கு வீடு போட்ட பிடி அரிசியால் நடந்த பள்ளிக்கூடம். ஆனாலும் அவரால் படிப்பை முடிக்க முடியவில்லை. பாதியில் நின்று மாமா கடைக்கு வேலைக்குப் போனார்.

பிறகு சுதந்திரப் போராட்டத்தில் சேர்ந்தார். 1930-ல் உப்பு சத்தியாக்கிரகத்தில் முதன்முதலாகச் சிறைக்குப் போனார். மொத்தத்தில் சுமார் 9 ஆண்டுகள் சிறையில் இருந்தார். 13.4.1954 அன்று முதலமைச்சர் ஆனார். 1956-ல் எட்டயபுரத்தில் மதிய உணவுத் திட்டம் தொடங்கியது. அரசாங்கப் பணத்தோடு ஊர்மக்களும் பங்கு கொடுத்தார்கள். பிடி அரிசிப் பள்ளிக்கூடத்தில் படித்தவர் அதை மறக்கவில்லை என்று நினைக்கிறேன்.

எங்க அம்மாச்சி தீப்பெட்டி ஆபீசுக்குப் போக வேண்டிய பிள்ளையாம். மதியம் சோறு கிடைக்கும் என்றுதான் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பினார்களாம். ஐந்தாவதோடு நின்று தீப்பெட்டி ஒட்டத்தான் போனாங்க. ஆனால் அதற்குள் படிக்க வந்துவிட்டது. கூலி நோட்டில் கணக்குத் தப்பாக இருந்தால் அவங்களே கண்டுபிடித்துக் கேட்பாங்களாம். இன்றைக்கும் திருத்தங்கல் பஸ் ஸ்டாப்பில் போர்டு பார்த்துத்தான் ஏறுவாங்க, யாரிடமும் கேட்க மாட்டாங்க.

காமராசர் 1963-ல் பதவியை விட்டார். 1967-ல் சொந்த ஊரான விருதுநகரிலேயே 1,285 ஓட்டில் தோற்றார். 2.10.1975 அன்று, காந்தி பிறந்த நாளில், சென்னையில் வாடகை வீட்டில் இறந்தார். மறு வருடம் பாரத ரத்னா கொடுத்தார்கள். அவர் போட்ட பந்தி நிற்கவில்லை. 1982-ல் சத்துணவாகப் பெருகியது. 2022-ல் காலை உணவும் வந்தது.

நண்பர்களே, ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். தட்டோடு சத்துணவு வரிசையில் நிற்பவர்களைப் பார்த்து நானும் சிரித்திருக்கிறேன். அம்மாச்சியும் அந்த வரிசையில் நின்றவங்கதான் என்று எனக்குத் தெரியாது. யாரைப் பார்த்துச் சிரித்தேனோ அவங்க மன்னிக்க வேண்டும். திங்கட்கிழமை நானும் தட்டை எடுத்துக்கொண்டு வரிசையில் நின்றேன். யாரும் சிரிக்கவில்லை. ஒருத்தன் நகர்ந்து இடம் கொடுத்தான்.

வாழ்க காமராசர் புகழ்!

– 9ஆம் வகுப்பு, ஆ பிரிவு