மைக்கேல் டில்லன்

லாரன்ஸ் மைக்கேல் டில்லன் (மே 1, 1915 - மே 15, 1962) பிரித்தானிய மருத்துவரும், எழுத்தாளரும், பௌத்தத் துறவியும் ஆவார். பிறப்பில் பெண்ணாகப் பதியப்பட்டு, மருத்துவ சிகிச்சை பெற்று ஆணாக வாழ்ந்த திருநம்பிகளுள் இவர் முன்னோடியாகக் கருதப்படுகிறார். தம் இறுதி ஆண்டுகளை இந்தியாவில் கழித்தார்.

இளமை

இவர் லண்டனில் பிறந்தார். இவருடைய தந்தை வழியினர் அயர்லாந்தின் லிஸ்மல்லன் பாரனெட் என்னும் பரம்பரைப் பட்டத்துக்கு உரியவர்கள். பிறந்த சில நாட்களிலேயே தாய் இறந்ததால், ஃபோக்ஸ்டோன் நகரில் அத்தைமாரிடம் வளர்ந்தார். ஆக்ஸ்போர்டில் பெண்களுக்கான கல்வி நிறுவனத்தில் பயின்று 1938இல் பட்டம் பெற்றார். அங்கு படகோட்டத்தில் சிறந்து விளங்கினார்.

சிகிச்சையும் ஆவணங்களும்

1939இல் டெஸ்டோஸ்டிரோன் மாத்திரைகளை உட்கொள்ளத் தொடங்கினார். மனநல மருத்துவர் ஒருவர் மூலம் இச்செய்தி வெளியே பரவியதால் பிரிஸ்டலுக்குச் சென்று, போர்க்காலத்தில் மோட்டார் பட்டறை ஒன்றில் பணிபுரிந்தார். அந்நகரில் மார்பக நீக்க அறுவை செய்துகொண்டார். 1944இல் இவரது பிறப்புப் பதிவு ஆண் எனத் திருத்தப்பட்டது. டப்ளின் டிரினிட்டி கல்லூரியில் மருத்துவம் பயில்வதற்காக, இவர் ஆண்கள் கல்லூரியில் படித்தவர் என்று ஆக்ஸ்போர்டு பதிவேடும் மாற்றப்பட்டது. முதல் உலகப்போரில் சிதைந்த முகங்களைச் சீரமைத்துப் புகழ்பெற்ற ஹரோல்டு கில்லீஸ், 1946 முதல் 1949 வரை இவருக்குக் குறைந்தது 13 அறுவைகள் செய்தார்.

நூலும் அதன் தாக்கமும்

1946இல் "செல்ஃப்" என்ற நூலை வெளியிட்டார். மனத்தை உடலுக்கேற்ப மாற்ற இயலாதபோது, உடலையே மனத்திற்கேற்ப மாற்ற மருத்துவம் உதவ வேண்டும் என்பது இந்நூலின் வாதம். தன்பால் ஈர்ப்பும் பாலின அடையாளமும் வெவ்வேறானவை என்றும் இது விளக்கியது. இந்நூலைப் படித்த முன்னாள் போர் விமானி ராபர்ட்டா கவெல், டில்லனைத் தேடி வந்தார். அக்காலச் சட்டம் அனுமதிக்காத விதைநீக்க அறுவையை டில்லனே அவருக்கு ரகசியமாகச் செய்தார். 1951இல் கில்லீஸ் செய்த அறுவையுடன் கவெலின் பால்மாற்றம் நிறைவுற்றது. டில்லன் அவரை மணக்க விரும்பினார், கவெல் மறுத்துவிட்டார்.

அம்பலமும் இந்திய வாழ்வும்

டில்லன் 1951இல் மருத்துவரானார்; பின்னர் கப்பல் மருத்துவராகப் பணியாற்றினார். பிரபுக் குடும்பங்களின் விவரம் தரும் இரு நூல்களுள் ஒன்று இவரை லிஸ்மல்லன் பட்டத்தின் ஆண் வாரிசு என்றும், மற்றொன்று பெண் என்றும் குறித்திருந்தன. 1958இல் இம்முரண்பாடு பத்திரிகைகளின் கண்ணில் பட்டது. இவரது கடந்த காலம் உலகெங்கும் செய்தியானது. டில்லன் வேலையைத் துறந்து இந்தியா வந்தார்.

கலிம்போங்கிலும் சாரநாத்திலும் பௌத்தம் பயின்றார். இருபாலிலும் சேராதோர்க்கு முழுத் துறவு இல்லை என்னும் விநய விதி இங்கு இவருக்குத் தடையானது. எனினும் லடாக்கின் ரிசோங் மடாலயம் இவரை இளந்துறவியாக ஏற்று, லோப்சங் ஜீவகா என அழைத்தது. ஜீவகர் என்பது புத்தரின் மருத்துவருடைய பெயராகும். அனுமதிக் காலம் முடிந்ததால் சில மாதங்களில் லடாக்கை விட்டு வெளியேற நேர்ந்தது.

மறைவு

அன்று பஞ்சாபிலும் இன்று இமாச்சலப் பிரதேசத்திலும் உள்ள டல்ஹவுசியில், தமது 47ஆம் வயதில் காலமானார். இறப்பதற்குச் சில நாட்கள் முன்பே தன்வரலாற்றை எழுதி முடித்து லண்டனுக்கு அனுப்பியிருந்தார். அதனை எரித்துவிட அண்ணன் விரும்பியபோதும் கைப்பிரதி தப்பியது. அரை நூற்றாண்டுக்கும் மேல் கழித்து அது நூலாக வெளிவந்தது.

2014 ஏப்ரல் 15 அன்று இந்திய உச்ச நீதிமன்றம், தம் பாலினத்தைத் தாமே அறிவிக்கும் உரிமையைத் திருநங்கைகளுக்கும் திருநம்பிகளுக்கும் ஏற்றுத் தீர்ப்பளித்தது. அறுவை சிகிச்சையைக் கட்டாயமாக்கக் கூடாது என்றும் அத்தீர்ப்பு கூறியது.