பொன்னியின் செல்வனுக்கு முன்பு ஒரு திருச்செங்கோடு... குடிக்கு எதிராக கதை எழுதிய கல்கி!

பொன்னியின் செல்வன் என்றதும் வீராணம் ஏரி, தஞ்சாவூர், பழையாறை எல்லாம் ஞாபகத்துக்கு வரும். திருச்செங்கோடு வராது. ஆனால் அந்த நாவலை எழுதிய கல்கியின் வாழ்க்கையில் இந்த ஊருக்கு முக்கியமான இடம் இருக்கு. என்ன அது? பார்க்கலாம்.

பரீட்சைக்கு முன்பே படிப்பை விட்டவர்

கல்கியின் இயற்பெயர் ரா. கிருஷ்ணமூர்த்தி. 1899 செப்டம்பர் 9-ல் மாயவரம் அருகே புத்தமங்கலத்தில் பிறந்தார். திருச்சியில் படித்துக்கொண்டிருந்தபோது காந்தியின் ஒத்துழையாமை இயக்கம் வந்தது. பள்ளி இறுதித் தேர்வு எழுதாமலே 1921-ல் வெளியேறினார். அடுத்த ஆண்டே ஓராண்டு சிறை. வெளியே வந்ததும் 1923-ல் திரு.வி.க.வின் நவசக்தி பத்திரிகையில் சேர்ந்தார். எழுத்து வேலையின் அரிச்சுவடி அங்கேதான்.

புதுப்பாளையத்தில் என்ன வேலை?

திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்தில் 1925-ல் ராஜாஜி காந்தி ஆசிரமம் தொடங்கினார். கதர், தீண்டாமை ஒழிப்பு, மதுவிலக்கு ஆகியவைதான் முக்கிய வேலைகள். நவசக்தியை விட்டு விலகிய கல்கி இங்கே வந்து சேர்ந்தார்.

1929-ல் விமோசனம் என்ற மாத இதழ் வந்தது. ராஜாஜி ஆசிரியர், கல்கி துணை ஆசிரியர். இதழ் முழுக்க ஒரே விஷயம்தான்: குடி எப்படி குடும்பத்தை அழிக்குது? வெறும் உபதேசமா எழுதினால் யார் படிப்பாங்க? அதனால் கதை, படம், கிண்டல் எல்லாம் சேர்ந்தது. கூலிக்காசு கள்ளுக்கடைக்குப் போகும் வீடுகளுக்கும் புரியும் தமிழில் எழுத வேண்டியிருந்தது.

இதழ் நீண்ட நாள் ஓடவில்லை. 1930-ல் உப்பு சத்தியாகிரகம் வந்தது. ராஜாஜியும் சிறைக்குப் போனார், கல்கியும் போனார். ஆனால் அந்தப் பிரசாரம் வீண் போகலை. 1937-ல் ராஜாஜி சென்னை மாகாணப் பிரதமரானதும், மதுவிலக்கு முதலில் அமலானது அப்போது திருச்செங்கோடும் சேர்ந்திருந்த சேலம் மாவட்டத்தில்தான்.

வேலையை விட்டு சொந்தப் பத்திரிகை

1931-ல் ஆனந்த விகடனில் சேர்ந்தார். கள்வனின் காதலி, தியாக பூமி தொடர்கதைகள் பெரிய பெயர் வாங்கித் தந்தன. 1939-ல் படமாக வந்த தியாக பூமியை பிரிட்டிஷ் அரசு தடை செய்தது.

தனிநபர் சத்தியாகிரகத்துக்காக விகடனை விட்டு விலகி, மூன்றாவது முறையாக சிறை சென்றார். 1941-ல் நண்பர் சதாசிவத்துடன் சேர்ந்து கல்கி வார இதழைத் தொடங்கினார். அதற்கான பணத்துக்காகத்தான் சதாசிவத்தின் மனைவி எம்.எஸ். சுப்புலட்சுமி, சாவித்திரி படத்தில் நாரதராக நடித்தார்.

பொன்னியின் செல்வன் எப்படி பிறந்தது?

1950 அக்டோபரில் தொடர் ஆரம்பமானது. சுமார் மூன்றரை ஆண்டுகள் வாராவாரம் வந்து, ஐந்து பாகமாக முடிந்தது. கையில் இருந்த ஆதாரமோ கொஞ்சம்தான். ஆதித்த கரிகாலன் கொலையில் தண்டிக்கப்பட்டவர்களின் பெயரை உடையார்குடி கல்வெட்டு சொல்கிறது. குந்தவையின் கணவர் வந்தியத்தேவன் என்று தஞ்சைக் கல்வெட்டு சொல்கிறது. மீதியை கல்கியின் கற்பனை நிரப்பியது. நந்தினி முழுக்க அவர் படைத்த பாத்திரம். ஓவியர் மணியத்தின் படங்கள் அந்த முகங்களை வாசகர் மனசில் பதிய வைத்தன.

தொடர் முடிந்த அதே 1954-ல், டிசம்பர் 5-ம் தேதி கல்கி காலமானார். வயது 55. அவர் மறைவுக்குப் பிறகு 1956-ல் சாகித்திய அகாடமி விருது கிடைத்தது. அதுவும் பொன்னியின் செல்வனுக்கு இல்லை, அலை ஓசை நாவலுக்கு!

இன்னும் ஏன் படிக்கிறாங்க?

கல்கியின் எழுத்துகள் நாட்டுடைமை ஆனதால் யார் வேண்டுமானாலும் பதிப்பிக்கலாம். மலிவு விலைப் பதிப்பு, ஆடியோ புத்தகம், மேடை நாடகம் என்று கதை பரவியது. 1950-களின் கடைசியில் எம்.ஜி.ஆர் எடுக்க நினைத்து நடக்காத படத்தை, 2022, 2023-ல் இரண்டு பாகமாக மணிரத்னம் எடுத்தார். படம் பார்த்தவர்கள் புத்தகத்தைத் தேடி வாங்கினார்கள்.

இதெல்லாம் புத்தகத்தை வாசகர் கைக்குக் கொண்டுவந்த காரணங்கள். எடுத்தவர் கீழே வைக்காமல் படிக்க ஒரே காரணம், அந்தத் தமிழ். சோழர் வரலாறு தெரியாதவருக்கும், ஐந்து பாகத்தைப் பார்த்து பயப்படுகிறவருக்கும் அது புரியும். படிக்கப் பழகாதவரையும் படிக்க வைக்கும் அந்த வேலையைத்தான், 20 வருஷம் முன்பே புதுப்பாளையத்தில் கல்கி செய்துகொண்டிருந்தார்.