ஆண்ட்ரே நார்ட்டன்

ஆண்ட்ரே நார்ட்டன் (பெப்ரவரி 17, 1912 – மார்ச் 17, 2005) ஓர் அமெரிக்க அறிபுனை மற்றும் கனவுருப்புனைவு எழுத்தாளர். இவரது இயற்பெயர் ஆலிஸ் மேரி நார்ட்டன். ஆண்ட்ரூ நார்த் என்ற புனைபெயரிலும், கிரேஸ் ஆலன் ஹோகார்த் என்பவருடன் இணைந்து ஆலன் வெஸ்டன் என்ற கூட்டுப் புனைபெயரிலும் எழுதியுள்ளார். பதின்ம வயதினருக்காக இவர் எழுதிய விண்வெளிப் புதினங்களும், விட்ச் வேர்ல்ட் (சூனியக்காரிகளின் உலகம்) என்ற நெடுந்தொடரும் புகழ் பெற்றவை. எழுபது ஆண்டுகள் நீண்ட எழுத்து வாழ்வில் நூற்றுக்கும் மேற்பட்ட புதினங்களை வெளியிட்டார். அமெரிக்க அறிபுனை எழுத்தாளர் சங்கத்தின் கிராண்ட் மாஸ்டர் விருதைப் பெற்ற முதல் பெண் இவரே.

இளமை

நார்ட்டன், ஒகையோ மாநிலத்தின் கிளீவ்லாந்து நகரில் பிறந்தார். தந்தை அடல்பெர்ட் நார்ட்டன் தரைவிரிப்பு வணிகம் செய்து வந்தார். தாய் பெர்தா. கொலின்வுட் உயர்நிலைப் பள்ளியில் பயின்றபோது பள்ளி இதழின் இலக்கியப் பக்கத்துக்கு ஆசிரியராக இருந்தார். தமது முதல் புதினத்தை அங்கேயே எழுதி முடித்தார். ரால்ஸ்டோன் லக் என்ற அந்நூல் 1938 ஆம் ஆண்டுதான் அச்சேறியது. எனவே எழுதிய வரிசையில் முதலாவதான அது வெளிவந்த வரிசையில் இரண்டாவதாகிவிட்டது.

1930 இல் பள்ளிப் படிப்பை முடித்து, ஆசிரியராகும் எண்ணத்துடன் வெஸ்டர்ன் ரிசர்வ் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த மகளிர் கல்லூரியில் சேர்ந்தார். அப்போது உலகப் பொருளாதாரப் பெருமந்தம் அமெரிக்கக் குடும்பங்களை வாட்டிக் கொண்டிருந்தது. 1932 இல் படிப்பை இடையில் நிறுத்திவிட்டு, கிளீவ்லாந்து பொது நூலகத்தின் ஒரு கிளையில் சிறுவர் பிரிவில் பணிக்குச் சேர வேண்டியதாயிற்று. சிறிய இடைவெளி ஒன்றைத் தவிர 1950 வரை அங்கேயே பணிபுரிந்தார். பட்டம் கைநழுவினாலும், எந்தச் சிறுவன் எந்த நூலைத் தேடி வருகிறான் என்பதை நாள்தோறும் கண்ணால் காணும் வாய்ப்பு கிட்டியது. தமது வாசகர்களை இவ்வளவு நெருக்கத்தில் இவ்வளவு காலம் கவனித்த எழுத்தாளர்கள் குறைவு.

பெயர் மாற்றம்

1934 இல், இருபத்திரண்டாம் அகவையில், தி பிரின்ஸ் கமாண்ட்ஸ் என்ற முதல் நூல் வெளிவந்தது. கற்பனையான ஓர் ஐரோப்பிய நாட்டின் அரசுரிமை குறித்த வீரதீரக் கதை அது. இத்தகைய நூல்களை வாங்கிப் படிப்பவர்கள் பெரும்பாலும் சிறுவர்கள். அட்டையில் பெண்ணின் பெயர் இருந்தால் அவர்கள் கையில் எடுக்க மாட்டார்கள் என்பது அக்காலப் பதிப்புலகின் கணக்கு. ஆகவே ஆண்ட்ரே என்ற, ஆண்பெயராகக் கொள்ளத்தக்க பெயரை ஏற்றார். பலரைப் போல் அதைப் புனைபெயராக மட்டும் வைத்துக் கொள்ளாமல், அதே ஆண்டில் சட்டப்படி தமது பெயரை ஆண்ட்ரே ஆலிஸ் நார்ட்டன் என மாற்றிக் கொண்டார். ஆலிஸ் நடுப்பெயராக எஞ்சியது. பிற்காலத்தில் முதன்முறையாக அறிபுனையில் இறங்கியபோது ஆண்ட்ரூ நார்த் என்று இன்னும் ஐயத்துக்கு இடமில்லாத ஓர் ஆண்பெயரைச் சூடிக் கொண்டது இங்கு நினைவுகூரத் தக்கது.

போர்க்காலமும் அதற்குப் பின்னும்

1940–41 இல் வாசிங்டன் நகரில் காங்கிரசு நூலகத்தின் பட்டியலிடும் பிரிவில் பணியாற்றினார். 1941 இல் மேரிலாந்தின் மவுண்ட் ரெய்னியர் என்ற ஊரில் மிஸ்டரி ஹவுஸ் என்னும் புத்தகக் கடையை வாங்கி நடத்தினார். கடை நிலைக்கவில்லை. மீண்டும் கிளீவ்லாந்து நூலகத்துக்கே திரும்பினார். செருமானியர் ஆக்கிரமிப்புக்கு எதிரான நெதர்லாந்து மக்களின் மறைமுகப் போராட்டத்தைப் பின்னணியாகக் கொண்ட தி சோர்ட் இஸ் டிரான் (1944) இக்காலத்தது. அதற்காக நெதர்லாந்து அரசு 1946 இல் அவரைச் சிறப்பித்தது.

முதல் அறிபுனைக் கதை 1947 இல் ஃபேன்டசி புக் என்ற இதழின் முதல் இலக்கத்தில் வெளிவந்தது. 1950 இல் உடல்நலக் குறைவால் நூலகப் பணியிலிருந்து விலகிய பின், நோம் பிரஸ் என்ற சிறு பதிப்பகத்தில் மார்ட்டின் கிரீன்பெர்க்கிடம் கையெழுத்துப் படிகளைப் படித்துக் கருத்துக் கூறும் பணியை 1958 வரை செய்தார். (1989 முதல் கேட்ஃபன்டாஸ்டிக் என்ற பூனைக் கதைத் தொகுதிகளில் இவருடன் இணைந்து பதிப்பாசிரியராக இருந்த மார்ட்டின் எச். கிரீன்பெர்க் வேறொருவர். இருவரையும் குழப்பிக் கொள்வது வழக்கம்.) 1958 முதல் முழுநேர எழுத்தாளரானார்.

அறிபுனைப் புதினங்கள்

முதல் அறிபுனைப் புதினமான ஸ்டார் மேன்ஸ் சன் 1952 இல் வெளிவந்தது. அணுவாயுதப் போரில் உலகம் அழிந்து இருநூறு ஆண்டுகளுக்குப் பின் நிகழும் கதை இது. வெள்ளி நிற முடியும் இரவில் தெளிவாகக் காணும் கண்களும் கொண்ட ஃபோர்ஸ் என்ற இளைஞனை, மரபு திரிந்து பிறந்தவன் என்று கருதித் தன் குலத்தார் விலக்குகின்றனர். அவன் லூரா என்ற பெரும்பூனையுடன் வெளியேறி, இடிந்த நகரங்களினூடே அலைகிறான். வழியில் அவனுக்கு நண்பனாகும் ஆர்ஸ்கேன் கறுப்பின வானோடிகளின் வழித்தோன்றல். பகை கொண்ட குலங்கள் இணைந்தாலன்றி எவரும் பிழைக்க இயலாது என்ற இடத்துக்குக் கதை வந்து சேர்கிறது. அமெரிக்கப் பள்ளிகளில் நிறப் பாகுபாடு சட்டப்படி நடப்பிலிருந்த காலத்தில், சிறுவர் நூலொன்றில் இவ்வாறு எழுதியது எளிய செயலன்று.

இந்நூலின் பதிப்பு வரலாறும் குறிப்பிடத் தக்கது. ஹார்கோர்ட் நிறுவனம் இதைச் சிறுவர் நூலாகக் கெட்டி அட்டையில் வெளியிட்டது. 1954 இல் ஏஸ் புக்ஸ் நிறுவனம் டேபிரேக் 2250 ஏ.டி. என்று தலைப்பை மாற்றிப் பொதுவான அறிபுனை நூலாக மலிவுப் பதிப்பில் விற்றது. அப்பதிப்பு பத்து இலட்சம் படிகளுக்கு மேல் விற்பனையானது. நூலகத்தில் சிறுவருக்குரியதாக இருந்த புத்தகம் மருந்துக்கடைச் சுழல் அடுக்கில் எல்லோருக்கும் உரியதாயிற்று. அடுத்து வந்த பல நூல்களும் இவ்விரு வழிகளிலும் வாசகரை அடைந்தன. எனினும், சிறுவர் நூல், மலிவுப் பதிப்பு என்ற இரு முத்திரைகளாலும் திறனாய்வாளர்கள் நெடுங்காலம் அவரைப் பொருட்படுத்தவில்லை.

சோலார் குயீன் என்ற வணிக விண்கலத்தின் பணியாளர்களைப் பற்றிய சர்காசோ ஆஃப் ஸ்பேஸ் (1955), காலப் பயணத்தை மையமாகக் கொண்ட தி டைம் டிரேடர்ஸ் (1958) ஆகியன தனித்தனித் தொடர்களாக வளர்ந்தன. தி பீஸ்ட் மாஸ்டர் (1959) நூலின் நாயகன் நவஹோ பழங்குடியைச் சேர்ந்த ஹோஸ்டீன் ஸ்டோர்ம். புவி அழிந்துவிட, கழுகு, மணற்பூனை, இரு மீர்கேட்டுகள் ஆகியவற்றுடன் வேற்றுக் கோளொன்றில் குடியேறுகிறான். 1982 இல் வெளிவந்த தி பீஸ்ட்மாஸ்டர் திரைப்படம் இந்நூலின் கருவைத் தொட்டும் தொடாமலும் எடுக்கப்பட்டது. அதில் நிறைவடையாத நார்ட்டன் தமது பெயரைப் படத்திலிருந்து நீக்கச் செய்தார்.

இவரது நாயகர்கள் பெரும்பாலும் அனாதைகள், அகதிகள், குலத்தால் ஒதுக்கப்பட்டவர்கள். அவர்களுக்குத் துணை நிற்பவை விலங்குகள், குறிப்பாகப் பூனைகள். நடை சற்றுப் பழமையானது. உரையாடல் சில இடங்களில் விறைப்பாக இருக்கும். ஆனால் அறிமுகமற்ற நிலத்தில் தனியே நிற்கும் ஒருவரின் அச்சத்தை இவர் அளவுக்கு உணரச் செய்தவர்கள் அத்துறையில் சிலரே.

பெண் நாயகியர்

தொடக்க கால விண்வெளிப் புதினங்களில் பெண்கள் அநேகமாக இல்லை. சிறுவருக்கான அறிபுனையில் அது அப்போது எழுதப்படாத விதி. நார்ட்டன் அதைப் படிப்படியாகவே தளர்த்தினார். ஸ்டோர்ம் ஓவர் வார்லாக் (1960) நூலில் வார்லாக் என்ற கோளை ஆள்வோர் கனவுகளால் ஆற்றல் பெறும் வைவர்ன் இனப் பெண்கள். ஆயினும் கதை நாயகன் ஓர் இளைஞனே. அதன் தொடர்ச்சியான ஆர்டீல் இன் அதர்வேர் (1964) நூலில் சாரிஸ் நோர்ட்ஹோம் என்ற இளம்பெண் நாயகியானாள். பின்னாளில் அறிபுனை எழுத்தாளரான ஜோன் டி. விஞ்ச் தாம் முதலில் படித்த அறிபுனை நூல் ஸ்டோர்ம் ஓவர் வார்லாக் எனப் பதிவு செய்துள்ளார்.

1963 இல் வெளிவந்த விட்ச் வேர்ல்ட் இவரது புகழ்பெற்ற படைப்பு. இரண்டாம் உலகப் போருக்குப் பின் தலைமறைவாகத் திரியும் சைமன் டிரகார்த் என்ற முன்னாள் படை அலுவலர், ஒரு மாயக் கல்லிருக்கை வழியே வேற்றுலகை அடைகிறார். அங்குள்ள எஸ்ட்கார்ப் நாட்டில் மந்திர ஆற்றல் பெண்களுக்கே உரியது. மணம் செய்து கொண்டால் அவ்வாற்றல் அழிந்துவிடும் என்பது அவர்களது நம்பிக்கை. ஜேலித் என்ற சூனியக்காரி சைமனை மணந்த பின்னும் தன் ஆற்றலை இழக்கவில்லை என்பதே அடுத்த நூலின் முடிச்சு. இயர் ஆஃப் தி யூனிகார்ன் (1965) முழுவதும் கில்லன் என்ற பெண்ணின் கூற்றாகவே அமைந்தது. தொடர் நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாக வளர்ந்தது. பிற்கால நூல்கள் பலவற்றை இளைய எழுத்தாளர்களுடன் இணைந்து எழுதினார்.

1976 இல் டஞ்சன்ஸ் அண்டு டிராகன்ஸ் விளையாட்டை உருவாக்கியவர்களுள் ஒருவரான கேரி கைகாக்சின் அழைப்பில் அவ்விளையாட்டில் கலந்து கொண்டார். அதன் விளைவாக எழுதிய குவாக் கீப் (1978) அவ்விளையாட்டை அடிப்படையாகக் கொண்ட முதல் புதினமாகும்.

விருதுகள்

விட்ச் வேர்ல்ட் 1964 இல் ஹியூகோ விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. விருது கிட்டவில்லை. 1977 இல் கனவுருப்புனைவுக்கான கேண்டால்ஃப் கிராண்ட் மாஸ்டர் விருதைப் பெற்றார். அவ்விருதைப் பெற்ற முதல் பெண் அவர். 1984 இல் அமெரிக்க அறிபுனை எழுத்தாளர் சங்கம் தனது கிராண்ட் மாஸ்டர் விருதை வழங்கியது. ஆர்தர் சி. கிளார்க், ஐசாக் அசிமோவ் ஆகியோருக்கு முன்பே இவருக்கு அது வழங்கப்பட்டது. அடுத்த பெண்ணுக்கு (அர்சலா கே. லா குவின்) அவ்விருது கிட்டியது 2003 ஆம் ஆண்டில்தான். 1998 இல் உலகக் கனவுருப்புனைவு விருதுகளில் வாழ்நாள் சாதனை விருதும் பெற்றார்.

இறுதிக் காலம்

1966 முதல் புளோரிடா மாநிலத்தின் வின்டர் பார்க் நகரில் வாழ்ந்த நார்ட்டன், 1990களின் பிற்பகுதியில் டென்னசி மாநிலத்தின் மர்ஃப்ரீஸ்பரோ நகருக்குக் குடிபெயர்ந்தார். அங்கே எழுத்தாளர்களுக்கென ஹை ஹலாக் என்ற ஆய்வு நூலகத்தை 1999 இல் தொடங்கினார். அது 2004 இல் மூடப்பட்டது.

2005 பெப்ரவரி 20 அன்று, அவர் நோயுற்றிருந்தபோது, இளம் வயதினருக்கான சிறந்த அறிபுனை அல்லது கனவுருப்புனைவுப் புதினத்துக்கு ஆண்ட்ரே நார்ட்டன் விருது வழங்கப்படும் என எழுத்தாளர் சங்கம் அறிவித்தது. அடுத்த மாதம் 17 ஆம் நாள், இதயச் செயலிழப்பால் தமது 93 ஆம் அகவையில் காலமானார். கடைசியாகத் தனித்து எழுதிய திரீ ஹேண்ட்ஸ் ஃபார் ஸ்கார்பியோ நூலின் ஒரு படியைப் பதிப்பகத்தார் விரைந்து அச்சிட்டு, அவர் உயிருடன் இருக்கும்போதே கையில் சேர்த்தனர். இறுதிச் சடங்கு வேண்டாம் என்றும், தமது முதல் நூலையும் கடைசி நூலையும் தம்முடன் சேர்த்து எரியூட்ட வேண்டும் என்றும் கேட்டுக் கொண்டிருந்தார். ஆண்ட்ரே நார்ட்டன் விருது முதன்முறையாக 2006 இல் ஹாலி பிளாக் எழுதிய வேலியண்ட் என்ற புதினத்துக்கு வழங்கப்பட்டது.