திரும்பி வராத விமானங்களையும் கணக்கில் சேர்த்தவர்... கோத்தகிரி மலையில் உயிரிழந்த ஆபிரகாம் வால்ட் யார்?

திருப்பூரில் பனியன் கம்பெனி பக்கம் போனவர்களுக்கு இந்தக் காட்சி பழக்கம்தான். ஷிப்மென்ட்டுக்கு ரெடியாக அட்டைப்பெட்டிகள் அடுக்கியிருக்கும். பையர் சார்பில் வந்தவர் சில பெட்டிகளை மட்டும் பிரிப்பார். தையல் விட்டிருக்கா, ஓட்டை இருக்கா, கறை இருக்கா எனப் புரட்டிப் பார்ப்பார். பிறகு மொத்த லாட்டுக்கும் பாஸ் அல்லது ஃபெயில் சொல்லிவிடுவார்.

3,000 பீஸ் இருந்தால், பொதுவான ஏ.க்யூ.எல் 2.5 அட்டவணைப்படி பார்ப்பது 125 பீஸ்தான். அதில் 7 வரை பழுது இருந்தால் பாஸ், 8 ஆனால் ஃபெயில். கொஞ்சத்தைப் பார்த்து மொத்தத்தை முடிவு செய்யும் இந்தப் புள்ளியியல் துறையைப் புரட்டிப் போட்டவர்களில் ஒருவர் ஆபிரகாம் வால்ட். அவர் உயிர் பிரிந்த இடம், அவிநாசி, மேட்டுப்பாளையம் வழியாகப் போனால் திருப்பூரில் இருந்து சில மணி நேரப் பயண தூரம்தான்.

யார் இந்த வால்ட்?

1902 அக்டோபர் 31-ம் தேதி, அன்றைய ஆஸ்திரியா-ஹங்கேரிப் பேரரசில் இருந்த கொலோஸ்வார் நகரில் பிறந்தார். இன்று அது ருமேனியாவின் க்ளூஜ். மத ஆசாரம் தவறாத யூதக் குடும்பம். யூதர்களுக்கு சனிக்கிழமை ஓய்வு நாள். ஆனால் பள்ளியோ சனிக்கிழமையும் வரச் சொன்னது. அதனால் வீட்டிலேயே படித்தார்.

வியன்னா பல்கலைக்கழகத்தில் கணிதப் பேராசிரியர் கார்ல் மெங்கரிடம் ஆய்வு செய்து, 1931-ல் முனைவர் பட்டம் வாங்கினார். மூளை இருந்தது, வேலைதான் கிடைக்கவில்லை. காரணம், அவர் யூதர். வங்கியாளர் ஒருவருக்குக் கணக்கு டியூஷன் எடுத்தும், பொருளாதார ஆய்வு நிறுவனம் ஒன்றில் வேலை பார்த்தும் காலத்தை ஓட்டினார்.

1938-ல் ஹிட்லர் ஆஸ்திரியாவைப் பிடித்தார். அமெரிக்காவில் இருந்து வந்த அழைப்பைப் பற்றிக்கொண்டு வால்ட் கடல் கடந்தார். ஊரில் இருந்த குடும்பம் தப்பவில்லை. ஒரு சகோதரரைத் தவிர, பெற்றோரும் உடன்பிறந்தவர்களும் நாஜிக்களின் படுகொலைக்குப் பலியானார்கள்.

போரில் கணக்கு வாத்தியாருக்கு என்ன வேலை?

இரண்டாம் உலகப் போரில் அமெரிக்க ராணுவத்துக்காக, நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ஒரு புள்ளியியல் குழு ரகசியமாக இயங்கியது. பின்னாளில் நோபல் பரிசு பெற்ற பொருளாதார நிபுணர் மில்டன் ஃப்ரீட்மனும் அதில் இருந்தார்.

குண்டு தரமானதா என்று பார்க்க அதை வெடித்தாக வேண்டும். துணியின் எடை பார்க்க வட்டமாக வெட்டி எடுத்தால், அந்தத் துணி போனது போனதுதானே? அதே கதைதான். சோதனை கூடக் கூட நஷ்டமும் கூடும். இவ்வளவு எண்ணிக்கை சோதிக்க வேண்டும் என முன்பே முடிவு செய்துவிட்டு, பாதியிலேயே விடை தெரிந்த பிறகும் ஏன் தொடர வேண்டும்? 1943-ல் இந்தக் கேள்வி வால்ட்டிடம் வந்தது.

அவர் கொடுத்த வழி இதுதான். ஒவ்வொன்றாகச் சோதியுங்கள். ஒவ்வொரு முறையும் மூன்று முடிவில் ஒன்றை எடுங்கள்: ஏற்றுக்கொள், நிராகரி, இன்னும் ஒன்றைப் பார். எப்போது நிறுத்தலாம் என்பதற்கான எல்லைக்கோடுகளைக் கணிதமாகவே வரைந்து கொடுத்தார். அதே நம்பகத்தன்மைக்குத் தேவையான சோதனைகள் சராசரியாகக் கிட்டத்தட்ட பாதியாகக் குறைந்தன. ரகசியமாக இருந்த இது, 1947-ல் புத்தகமாகவும் வந்தது. இதற்கு முன்னோடி என்று அவர் குறிப்பிட்டவர்களில் ஒருவர் நம்ம நாட்டின் பி.சி.மஹலனோபிஸ். வங்காளத்தில் சணல் பயிர்ப் பரப்பை அவர் மாதிரிக் கணக்கெடுப்பில் அளந்த முறையைத்தான் வால்ட் சுட்டிக்காட்டினார்.

அந்த விமானக் கதை உண்மையா?

வாட்ஸ்அப்பில் ஒரு விமானப் படம் பார்த்திருப்பீர்கள். உடம்பெல்லாம் சிவப்புப் புள்ளிகள், இன்ஜின் பக்கம் மட்டும் காலி. அந்தப் படம் பிற்காலத்தில் வரைந்தது, வால்ட் போட்டதல்ல. அதிகாரிகளோடு அவர் வாதம் செய்யும் சினிமா சீனும் அவருடைய அறிக்கைகளில் இல்லை. இருப்பது முழுக்கக் கணக்கு.

ஆனால் அடிப்படை உண்மை. திரும்பி வந்த விமானங்களில் இருந்த குண்டு அடிகளை வைத்து, எந்தப் பாகம் பலவீனமானது எனக் கண்டுபிடிக்க வேண்டும். விழுந்த விமானங்களைப் பார்க்க வழியில்லை. வந்ததில் இன்ஜின் அடி குறைவு என்றால், இன்ஜினில் அடி விழவில்லை என்று அர்த்தமில்லை. அங்கே அடிபட்டவை வீடு திரும்பவில்லை. அந்த இல்லாத விமானங்களையும் சேர்த்து எப்படிக் கணக்கிடுவது என்பதைத்தான் வால்ட் எழுதினார்.

கோத்தகிரியில் என்ன நடந்தது?

1950-ல் இந்திய அரசின் அழைப்பின் பேரில், மனைவி லூசிலுடன் சொற்பொழிவுப் பயணமாக வந்தார் வால்ட். டிசம்பர் 13-ம் தேதி அவர்கள் பயணித்த ஏர் இந்தியா டகோட்டா விமானம், நீலகிரியில் கோத்தகிரி அருகே ரங்கசாமி மலைப் பகுதியில் மோதியது. ஒருவர்கூடப் பிழைக்கவில்லை. வால்ட்டுக்கு வயது 48.

இரண்டு குழந்தைகளும் அந்த விமானத்தில் இல்லை. அப்போது மூன்று வயதான மகன் ராபர்ட், பின்னாளில் கருந்துளை ஆராய்ச்சியில் உலகம் அறிந்த இயற்பியல் பேராசிரியர் ஆனார்.

நமக்கு இதில் என்ன இருக்கு?

நொய்யல் மாசு வழக்கில் 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட, திருப்பூர் சாயப்பட்டறைகள் மூடப்பட்டன. சுத்திகரிப்புக்குச் செலவு செய்து மீண்டு வந்தவை உண்டு. திறக்கவே முடியாமல் போனவையும் உண்டு. இன்று ஓடுகிற பட்டறைகளிடம் மட்டும் எப்படிச் சமாளித்தீர்கள் என்று கேட்டால், உழைப்பு, துணிச்சல் என்றுதான் பதில் வரும். அதே உழைப்பைப் போட்டும் பூட்டியவர்கள் அந்தப் பேட்டியில் இருக்க மாட்டார்கள்.

ஜெயித்த முதலாளி கதையைக் கேட்டு, நகையை அடகு வைத்து நாலு மெஷின் போடலாம் என யோசிப்பவர்கள், பூட்டிய ஷெட்காரர் ஒருவரையும் தேடிப்போய்ப் பேசிவிட்டு முடிவெடுப்பது நல்லது. திரும்பி வராதவர்களையும் கணக்கில் எடு என்றுதான் வால்ட்டின் கணக்கும் சொல்கிறது.