குடிபெயர்ந்து வந்த சிறுமியும் கூடைப்பந்தாட்டமும்
செண்டா பெரன்சன் அம்மையார் (1868 – 1954)

யாழ்ப்பாணத்திலோ மட்டக்களப்பிலோ மகளிர் பாடசாலைகளிற் பயின்ற எமது வாசகியர்க்கு வலைப்பந்தாட்டத் திடல் இன்றும் நினைவில் இருக்கும். மூன்று பாகங்களாகப் பிரித்துக் கீறப்பட்ட சுண்ணாம்புக் கோடுகள். பந்தைக் கையில் எடுத்தவர் மூன்று விநாடிகளுக்கு மேல் வைத்திருந்தால் உடனே ஒலிக்கும் நடுவரின் விசில். இந்த விதிகளை வகுத்தவர் யார் என்று அன்று எம்மில் எவரும் கேட்டதில்லை. பின்னாளில் விரிவுரையாளராகப் பல்கலைக்கழகத்தில் நின்றபோதும் அக்கேள்வி எமக்குத் தோன்றவில்லை. நாட்டை விட்டு வந்து, பிறர் தேசத்தில் எம் பிள்ளைகள் எதை விளையாடலாம், எதை விளையாடலாகாது என்று பெற்றோர் தம்முள் வாதிடுவதைக் கேட்ட பின்னரே அதன் விடையைத் தேடினோம். அத்தேடல் எம்மை ஒரு குடிபெயர்ந்த சிறுமியிடம் கொண்டுசென்று நிறுத்தியது.

1868ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில், அன்று ரஷ்யப் பேரரசின் ஆட்சிக்கு உட்பட்டிருந்த லித்துவேனியாவின் பூட்ரிமோனிஸ் என்னும் சிற்றூரில், ஒரு யூதக் குடும்பத்தில் செண்டா பிறந்தார். குடும்பப் பெயர் வால்வ்ரொயென்ஸ்கி. தந்தையார் முதலில் தனியே அமெரிக்கா சென்றார்; மனைவியும் பிள்ளைகளும் 1875இல் அவரைப் பின்தொடர்ந்தனர். அப்போது செண்டாவுக்கு ஏழு வயது. பொஸ்ரன் நகரில் அக்குடும்பம் தன் பழைய பெயரைக் கைவிட்டுப் பெரன்சன் என்ற பெயரை ஏற்றது. கற்றறிந்தவரான தந்தையார் வீடு வீடாகச் சென்று பாத்திரம் பண்டம் விற்றுப் பிழைத்தார். படித்த தகப்பன்மார் புதிய நாட்டில் கிடைத்த வேலையைச் செய்து பிள்ளைகளைப் படிப்பிக்கும் கதை எமது வாசகர்களுக்கு விளக்க வேண்டியதொன்றன்று. மூத்த மகன் பேர்னாட் ஹார்வார்ட் பல்கலைக்கழகம் சென்று, இத்தாலிய மறுமலர்ச்சி ஓவியங்களை ஆராய்ந்து உலகப் புகழ் பெற்றார்.

செண்டாவோ நோயாளிப் பிள்ளை. பியானோ பயில இசைக்கல்லூரியிற் சேர்ந்தவர், உடல் ஒத்துழையாமையால் அப்படிப்பைத் தொடர இயலாது நின்றார். உடலைத் தேற்றிக்கொள்ளும் நோக்குடன் 1890இல் பொஸ்ரனிலிருந்த உடற்பயிற்சி ஆசிரியர் கல்லூரியில் அனுமதி பெற்றார். விருப்பத்தோடு சென்றவர் அல்லர். ஆரம்பத்திற் சில நிமிடப் பயிற்சியே அவரை வருத்தியது. எனினும் அங்கு கற்பிக்கப்பட்ட சுவீடன் நாட்டு உடற்பயிற்சி முறை மாதக்கணக்கில் அவரது உடலையும் மனத்தையும் ஒருங்கே மாற்றியது. தான் நோயிலிருந்து மீண்ட வழியைப் பிறருக்குக் கற்பிப்பதே இனித் தன் தொழில் என்று அவர் முடிவு செய்தார்.

1892 ஜனவரியில் மசாசூசெற்ஸ் மாநிலத்தின் நோர்த்தாம்ப்டன் நகரிலுள்ள சிமித் மகளிர் கல்லூரியில் உடற்பயிற்சி ஆசிரியையாகப் பொறுப்பேற்றார். உயர்கல்வி பெண்ணின் உடலைக் கெடுத்துவிடும் என்று மருத்துவர்களே எழுதிக்கொண்டிருந்த காலம் அது. மாணவியரைத் திடமாக வைத்திருக்க வேண்டிய கடமை மகளிர் கல்லூரிகளுக்கு இருந்தது. ஆனால் தனித்தனியே நின்று கையசைக்கும் பயிற்சியில் மாணவியர் சலிப்புற்றிருந்தனர்.

அவ்வேளை, அண்மையிலுள்ள ஸ்பிறிங்பீல்ட் நகரில், கனடாவிலிருந்து வந்த ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்னும் ஆசிரியர் 1891 டிசம்பரில் இளைஞர்களுக்காக உருவாக்கிய புதிய விளையாட்டொன்றைப் பற்றிச் செண்டா வாசித்தறிந்தார். சுவரில் உயரத்தே மாட்டிய பழக்கூடைக்குள் பந்தெறியும் விளையாட்டு அது. ஆண்களுக்கென வகுக்கப்பட்ட அதனை அவர் துணிந்து தம் மாணவியரிடம் கொண்டுவந்தார். 1893 மார்ச் மாதத்தில், கல்லூரியின் முதலாம் ஆண்டு மாணவியரும் இரண்டாம் ஆண்டு மாணவியரும் உடற்பயிற்சிக்கூடத்தில் மோதினர். கல்லூரிப் பெண்கள் ஆடிய முதலாவது கூடைப்பந்தாட்டப் போட்டியாக அதனை வரலாற்றாசிரியர்கள் பதிவு செய்துள்ளனர். மாணவியர் காற்சட்டை போன்ற பயிற்சியுடை அணிந்திருந்தமையால் ஆண்கள் உள்ளே அனுமதிக்கப்படவில்லை. மாடத்தில் மாணவியர் நெருங்கி நின்று தத்தம் வகுப்பின் நிறக்கொடிகளை அசைத்து ஆரவாரித்தனர். ஆட்டத்தைத் தொடக்கிவைக்கப் பந்தை மேலே எறிந்த கணத்திலேயே முதலாம் ஆண்டு அணித்தலைவியின் தோள்மூட்டு விலகியது. அவரை அப்புறம் கொண்டுசென்று சிகிச்சையளித்துவிட்டு ஆட்டத்தைத் தொடர்ந்தனர்.

அந்தக் காயம் ஆசிரியைக்குச் சிறிய விடயமன்று. இத்தகைய ஒரு விபத்துப் பெரிதாகப் பேசப்பட்டால் பெண்களின் விளையாட்டே தடைசெய்யப்படலாம் என்பதை அவர் அறிவார். ஆகவே விதிகளைத் திருத்தினார். ஆடுகளத்தை மூன்று பாகங்களாகப் பிரித்து, ஒருத்தி தன் பாகத்தை விட்டு வெளியே செல்லலாகாது என்றார். எதிரணியினரின் கையிலிருந்து பந்தைப் பறித்தல் கூடாது. மூன்று விநாடிகளுக்கு மேல் பந்தை வைத்திருத்தல் கூடாது. மூன்று தடவைக்கு மேல் நிலத்திற் தட்டிச் செல்லுதலும் கூடாது. ஓட்டத்தாற் களைப்பதையும், முரட்டுத்தனத்தையும், ஒருத்தியே பந்தை ஆளுவதையும் இவ்விதிகள் குறைத்தன.

விளையாட்டு வேகமாகப் பரவியது. 1896 ஏப்ரலில் கலிபோர்னியாவில் ஸ்ரான்போர்ட், பேர்க்லி பல்கலைக்கழகங்களின் மகளிர் அணிகள் மோதி, ஸ்ரான்போர்ட் இரண்டுக்கு ஒன்று என வென்றது. ஆயினும் கல்லூரிக்குக் கல்லூரி விதிகள் வேறுபட்டமையால் 1899இல் ஸ்பிறிங்பீல்டிற் கூடிய மாநாடு பொதுவிதிகளை வகுக்கும் பொறுப்பை ஒரு குழுவிடம் ஒப்படைத்தது. செண்டாவின் விதிகளே அதற்கு அடிப்படையாயின. அவர் பதிப்பித்த விதிநூல் 1901இல் அச்சேறியது. 1905 முதல் 1917 வரை, பெண்கள் கூடைப்பந்தாட்டக் குழுவின் தலைவராகவும் அவரே விளங்கினார். இதனிடையே 1897இல் சுவீடன் சென்று ஸ்ரொக்ஹோம் நகரின் உடற்பயிற்சி நிலையத்திற் பயின்று திரும்பினார். வாள்வீச்சு, நாட்டுப்புற நடனம், ஹொக்கி ஆகியவற்றையும் சிமித் கல்லூரி மாணவியர்க்கு அறிமுகஞ் செய்தார். 1911இல் அக்கல்லூரியின் ஆங்கிலப் பேராசிரியர் ஹேர்பர்ட் அபட் என்பவரை மணந்து, கல்லூரிப் பணியினின்றும் விலகினார். பின்னர் அந்நகரின் பெண்கள் பாடசாலையொன்றில் 1921 வரை உடற்கல்வியைப் பொறுப்பேற்று நடத்தினார். கணவர் 1929இல் மறைந்தார். இறுதிக்காலத்தைக் கலிபோர்னியாவிற் சகோதரியுடன் கழித்த அம்மையார் 1954 பெப்ரவரியில் காலமானார். 1985இல் நெய்ஸ்மித் பெயரிலமைந்த கூடைப்பந்தாட்டப் புகழ்மண்டபம் முதன்முறையாகப் பெண்களை ஏற்றபோது, அவர்களுள் ஒருவராக இவர் பெயரும் இடம்பெற்றது.

புகழை மட்டும் எழுதிவிட்டு நாம் நின்றுவிடலாகாது. பெண்கள் வெற்றி வெறிக்கு ஆளாகிவிடுவர் என்று அஞ்சிய செண்டா, பிற கல்லூரிகளுடன் போட்டியிடுவதை விரும்பவில்லை. அவர் கீறிய கோடுகள் அவரது காலத்தின் பின்னும் அழியாமல் நின்றன. முழு ஆடுகளத்திலும் ஐவர் ஓடியாடும் ஆட்டம் அமெரிக்கக் கல்லூரிப் பெண்களுக்கு 1971இலேயே நிலையான விதியாயிற்று. ஒலிம்பிக்கில் ஆண்கள் கூடைப்பந்தாட்டம் 1936இல் இடம்பெற்றிருக்க, பெண்களுக்கு 1976 வரை காத்திருக்க நேர்ந்தது. இதற்கெல்லாம் அவர் ஒருவரே காரணர் அல்லர். ஆனால் பெண்ணைக் காக்கப் போட்ட வேலி, தேவை தீர்ந்த பின்னும் பெண்ணை மறித்து நின்றது என்பதை மறைக்க இயலாது. அந்த வேலி இல்லாதிருந்தால் 1893இல் கதவே திறந்திருக்காது என்பதும் அதேயளவு உண்மை.

இவ்விதிகள் கடல் கடந்தன. 1890களில் இங்கிலாந்தின் மகளிர் உடற்பயிற்சிக் கல்லூரியொன்று இவ்விளையாட்டை ஏற்று மாற்றியமைத்தது. அமெரிக்கப் பெண்களின் மூன்று பாக ஆடுகளமும் அங்கு சென்று சேர்ந்தது. அதுவே வலைப்பந்தாட்டமாகி, ஆங்கிலேயர் ஆண்ட நாடுகளெங்கும் பரவி, எமது பாடசாலைத் திடல்களுக்கும் வந்தது. 2018இல் சிங்கப்பூரில் ஆசியக் கிண்ணத்தை வென்ற இலங்கை அணியில் யாழ்ப்பாணத்தின் தர்ஜினி சிவலிங்கம் பந்தை வளையத்துள் இட்டபோது, லித்துவேனியச் சிறுமியின் கோடுகளுக்குள் நின்றே இட்டார்.

வளைகுடா நாடுகளில் வாழும் எமது குடும்பங்கள் இக்கதையை வேறொரு கண்ணாலும் நோக்கலாம். ஆண்கள் நுழையாத உள்ளரங்கு, உடலை மூடிய விளையாட்டுடை என்பன அங்கு வியப்புக்குரியன அல்ல. 1893இன் நோர்த்தாம்ப்டனும் அப்படித்தான் தொடங்கிற்று. 2014இல் தென்கொரியாவின் இஞ்சியோனில் நடந்த ஆசிய விளையாட்டு விழாவில், தலைத்துணியைக் கழற்றும்படி கூறப்பட்டபோது கட்டார் நாட்டு மகளிர் கூடைப்பந்தாட்ட அணி மறுத்துப் போட்டியினின்றும் விலகியது. மூன்றாண்டுகளின் பின், 2017இல், சர்வதேசச் சம்மேளனம் அந்த உடைவிதியை மாற்றிக்கொண்டது. இதனிடையே 2012இல் ஷார்ஜாவில் அரபு மகளிர் கழகங்களுக்கான விளையாட்டுப் போட்டிகள் தொடங்கப்பட்டு, அவற்றிற் கூடைப்பந்தாட்டமும் இடம்பெற்றது. விதி மனிதர் வகுத்தது. மனிதரால் மாற்றவும் கூடியது.

துபாயிலும் அபுதாபியிலும் அடுக்குமாடி அறைகளுக்குள் வளரும் எம் பெண்பிள்ளைகள் பலர், பெரியபிள்ளையான கையோடு விளையாட்டிலிருந்து நிறுத்தப்படுகின்றனர். ஐரோப்பாவில் அகதி விண்ணப்பத்தின் முடிவுக்காகக் காத்திருக்கும் வீடுகளிலும் நிலை வேறன்று. ஊர் என்ன சொல்லும் என்ற அச்சம், ஊரே இல்லாத இடத்திலும் எம்மைத் தொடர்ந்து வந்திருக்கிறது. பெற்றோரின் கவலையை நாம் எள்ளவில்லை. அந்நிய மண்ணில் மகளைக் காப்பது பெரும் பொறுப்பு. செண்டா அம்மையாரும் கவலைப்பட்டவரே. ஆயினும் மாணவியின் தோள் விலகிய அன்று அவர் பந்தைப் பூட்டி வைக்கவில்லை. விதியைத் திருத்தி, மறுபடியும் அவர்களை ஆடவிட்டார். மகள் பாடசாலை அணியிற் சேர அனுமதிக் கடிதத்தை நீட்டும்போது, மறுப்பதற்கு முன் எவ்வகையில் அனுமதிக்கலாம் என்று ஒருமுறை எண்ணிப் பார்க்குமாறு எமது வாசகர்களை அன்புடன் வேண்டுகின்றோம்.