அஞ்சாக் குரல்: கவிஞர் ஹபீப் ஜாலிப்

உருதுக் கவிதை கண்ணுக்கு விருந்தாவதைவிடச் செவிக்கு விருந்தாவதையே பெரிதும் விரும்புவது. 'முஷாயிரா' எனப்படும் கவியரங்குகளில் கவிஞர்கள் பாட, அவையோர் சுவைத்துப் பாராட்டுவர். சிலர் கவிதையை இராகத்தோடு இசைப்பர். அதனைத் 'தரன்னும்' என்பர். இன்பம் பயக்கும் அந்த அவையை, ஆட்சியாளரைத் தட்டிக்கேட்கும் மன்றமாக மாற்றியவர் பாகிஸ்தானின் மக்கள் கவிஞர் ஹபீப் ஜாலிப்.

அவர் 1928ஆம் ஆண்டு பஞ்சாபில் ஹோஷியார்பூரை அடுத்த சிற்றூர் ஒன்றில் பிறந்தார். நாட்டுப் பிரிவினைக்குப்பின் பாகிஸ்தான் சென்று, கராச்சியில் நாளிதழ் ஒன்றில் மெய்ப்புத் திருத்துநராகப் பணிபுரிந்தார்.

1962இல் அயூப்கான் புதிய அரசியலமைப்பை அறிவித்தார். குடியரசுத் தலைவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்க இயலாது. 80,000 பேர் கொண்ட வாக்காளர் குழுவே தேர்ந்தெடுக்கும் என்றது அது. நாடு வாய்மூடிக் கிடந்த வேளையில், அச்சட்டத்தை ஏற்க மறுக்கும் 'தஸ்தூர்' என்னும் கவிதையை முர்ரி நகரக் கவியரங்கில் ஜாலிப் பாடினார். 1965 சனவரியில் நடந்த தேர்தலில் அயூப்கானை எதிர்த்து நின்ற பாத்திமா ஜின்னாவுக்காக ஊர்தோறும் மேடையேறினார். பாட்டைக் கேட்கவே மக்கள் திரண்டனர். அவருடைய 'ஸரே மக்தல்' என்னும் நூல் தடை செய்யப்பட்டது. நூலைப் பறிமுதல் செய்யலாம். நெஞ்சில் பதிந்த பாட்டை யார் பறிமுதல் செய்ய இயலும்?

ஆட்சிகள் மாறின, ஜாலிப் மாறவில்லை. 1971இல் கிழக்குப் பாகிஸ்தானில் இராணுவம் நிகழ்த்திய கொடுமையைக் கண்டித்தார். தேர்தலில் வென்று வந்த பூட்டோவின் ஆட்சியிலும் சிறை புகுந்தார். 1983 பிப்ரவரி 12ஆம் நாள், ஜியாவுல் ஹக் ஆட்சியின் சாட்சியச் சட்டத்தை எதிர்த்து லாகூரில் பெண்கள் ஊர்வலம் சென்றபோது, அவர்களுக்குத் துணைநின்று காவலரின் தடியடியைத் தாங்கினார். 1988இல் மக்களாட்சி மீண்டபோதும், ஏழையின் வாழ்வு விடியவில்லை என்பதைப் பாடத் தயங்கவில்லை.

1993 மார்ச்சில் லாகூரில் அவர் காலமானார். பலமுறை அவரைச் சிறையிலிட்ட அரசே, 2009இல் 'நிஷானே இம்தியாஸ்' என்னும் உயரிய விருதை அவர் பெயருக்கு வழங்கியது. உயிரோடிருந்தபோது அவருக்குக் கிட்டிய பரிசு சிறைவாசமே.

கவியரங்க மேடைகள் நமக்கும் புதியன அல்ல. கைதட்டல் பெறும் சொல்லை எவரும் பாடலாம். பாடிய சொல்லுக்குரிய விலையைத் தாமே செலுத்த முன்வருபவரின் கவிதையே அவருக்குப்பின்னும் வாழ்கிறது. ஜாலிபின் வாழ்விலிருந்து நாம் பெறும் பாடம் இதுவே.