எல்லைக்கு அப்பால் போன வீடு: ராஜ் கபூரின் கதை

பெஷாவரில் தாத்தா கட்டிய பெரிய வீட்டில் 1924 டிசம்பர் 14ஆம் திகதி பிறந்தவர் ராஜ் கபூர். தந்தை பிருத்விராஜ் நடிப்பைத் தேடிப் பம்பாய்க்குப் போனவர். 1944இல் பிருத்வி தியேட்டர்ஸ் நாடகக் குழுவைத் தொடங்கியவர். நடிகரின் மகன் என்ற சலுகை ராஜுக்கு இருக்கவில்லை. இயக்குநர் கேதார் சர்மாவிடம் கிளாப் பலகை அடிக்கும் பையனாகவே தொடங்கினார்.

1947இல் நாடு பிரிந்தது. பிறந்த வீடு பாகிஸ்தானுக்குள் போனது. அடுத்த ஆண்டே, 23 வயதில், ஆர்.கே. பிலிம்ஸை நிறுவி 'ஆக்' படத்தை இயக்கினார்.

'ஆவாரா'வில் (1951) தாத்தா, தந்தை, ராஜ், சிறுவனாகத் தம்பி சசி என மூன்று தலைமுறையினர் நடித்தார்கள். ஊர்பேர் அற்று அலையும் அந்த இளைஞனைச் சோவியத் மக்களும் தங்கள் பிள்ளையாகக் கொண்டாடினார்கள்.

1970இல் 'மேரா நாம் ஜோக்கர்' தோற்றது. கடன் கழுத்தை நெரித்தது. மூன்று ஆண்டுகளில் மகன் ரிஷியைக் கதாநாயகனாக்கி எடுத்த 'பாபி' அவரை மீட்டது.

1988 மே மாதம் டில்லியில் பால்கே விருது விழாவில் ஆஸ்துமாவால் மூச்சுத்திணறித் தவித்தார். ஜனாதிபதி ஆர். வெங்கட்ராமன் மேடையை விட்டு இறங்கிவந்து விருதைக் கொடுத்தார். ஜூன் 2ஆம் திகதி ராஜ் காலமானார்.

அவர் விட்டுச்சென்ற 'ஹென்னா'வை மகன் ரந்தீர் 1991இல் முடித்தார். ஆறு அடித்துச்சென்று எல்லைக்கு அப்பால் ஒதுக்கிய இந்தியனை ஒரு பாகிஸ்தான் குடும்பம் காப்பாற்றும் கதை அது.

அவர் கட்டிய செம்பூர் ஸ்டூடியோ 2017இல் தீப்பிடித்தது; பின்னர் குடும்பத்தினர் அதை விற்றுவிட்டார்கள். பெஷாவர் வீடோ, சிதைந்தபடி, இன்னும் நிற்கிறது.